கதைத்துருசு: நேரத்தைத் திறந்து விடுற ஒரு கருவி. விதி சொல்லுங்கோ

#1 அலைகரை · ஞாயிறு இரவு 8.42

எல்லாருக்கும் வணக்கம். நானும் மச்சானும் சேர்ந்து ஒரு படக்கதை செய்யிறம். அவன் கீறுவான், நான் எழுதுவன். முழுக்கக் கற்பனை உலகம், பேர் கன்னல்நாடு. அங்க ஆறும் இல்லை, கடலும் இல்லை. ஒண்டுக்குக் கீழ ஒண்டா ஏழு குளம். மேல்குளம் வான் பாய்ஞ்சால் அடுத்த குளத்துக்கு வரும், அது நிரம்பினால் அதுக்கடுத்ததுக்கு.

ஆனா குளத்தில நிக்கிறது தண்ணி இல்லை, நேரம். ஊரில நடந்தது, சொன்னது, மறந்தது எல்லாம் மழையோட அள்ளுப்பட்டு வந்து குளத்தில தேங்கும்.

கருவிதான் கதைத்துருசு. துருசு எண்டால் குளத்துத் தண்ணியை வாய்க்காலுக்குத் திறந்து விடுற மதகு. குளக்கட்டோட ஒட்டி, கருங்கல்லில கட்டின கிணறு மாதிரி ஒண்டு. அதில மேலயிருந்து கீழ ஏழு துவாரம், ஒவ்வொண்டுக்கும் முதிரைக் கட்டையில அடைப்பு. மேல் துவாரத்தைத் திறந்தால் நேற்று, போன கிழமை. கீழ போகப் போகப் பழசு. திறந்து விட்ட நேரம் வாய்க்காலால ஓடி எந்த வயலுக்குப் போகுதோ, அந்த வயலில அது திரும்ப நடக்கும். வயலுக்குள்ள நிக்கிறவைக்குப் புதுசா வந்த கதை மட்டும்தான் ஞாபகம். கட்டில நிக்கிறவைக்கு ரெண்டும் ஞாபகம்.

பிரச்சினை என்னெண்டால் கருவி கனக்கப் பலமாப் போச்சு. மூண்டாம் அத்தியாயத்தில கதாநாயகி துருசைத் திறந்தாள், எல்லாம் சரிவந்திட்டு, கதை முடிஞ்சுது. மச்சான் கீறுறதுக்கு ஒண்டுமில்லை எண்டு நக்கலடிக்கிறான். ஏதும் விதி சொல்லுங்கோ.

#2 முறிகண்டிக் கச்சான் · ஞாயிறு இரவு 8.55

கட்டில நிண்டால் ரெண்டும் ஞாபகம் இருக்குமெண்டால் ஊர்ச்சனம் முழுக்கக் கட்டிலதான் கொட்டில் போடும். வயல் ஆர் செய்யிறது?

#3 நீர்மட்டம் 36 · ஞாயிறு இரவு 10.20

தம்பி அலைகரை, நான் துருசுகளோட காலம் போக்கின ஆள். கதை எனக்குத் தெரியாது, துருசு தெரியும். நீர் விதியைத் தேடி எங்கயும் போகத் தேவையில்லை. துருசுக்கே விதி இருக்கு, அதை நீர் மீறி எழுதியிருக்கிறீர்.

முதலாவது, வேகம். ஏழு துவாரமும் ஒரே மாதிரி ஓடும் எண்டு வைச்சிருக்கிறீர். ஓடாது. மேல நிக்கிற தண்ணியின்ர ஆழம்தான் தள்ளுறது. கிளிநொச்சி இரணைமடுக் குளம் நிரம்பினால் 36 அடி. 36 அடி ஆழத்தில ஒரு துவாரம் இருந்தால், உராய்வைக் கணக்கெடுக்காட்டி, தண்ணி விநாடிக்கு 48 அடி வேகத்தில வெளிக்கிடும். 9 அடி ஆழத்தில எண்டால் 24 அடி. நாலு மடங்கு ஆழத்துக்கு ரெண்டு மடங்கு வேகம். அப்ப உம்மட குளத்தில நேற்றைய நாள் மெதுவா வழியும். அம்பது வருசப் பழசு வாய்க்காலை உடைச்சுக்கொண்டு வரும். மேல கிடக்கிற அவ்வளவு வருசப் பாரமும் சேர்ந்து அதைத் தள்ளுது எல்லோ.

ரெண்டாவது, கீழ்த் துவாரத்தால பழசை மட்டும் தனிய எடுக்கேலாது. உண்மையான குளத்தில எல்லாம் கலங்கித்தான் வரும். உம்மட குளத்தில அடுக்கடுக்கா நிக்குது எண்டே வைப்பம். அப்பவும் அடியில இருந்து ஒரு அடி தண்ணி போனால் மேல நிக்கிறது முழுக்க ஒரு அடி இறங்கும்.

மூண்டாவது, குளத்தைக் கெதியா இறக்கினால் கட்டு சரியும். கனபேருக்கு இது தெரியாது. நிறைஞ்ச குளத்தாலதான் ஆபத்து எண்டு நினைப்பினம். கட்டின்ர உள்பக்க மண் தண்ணியை ஊறிக் குடிச்சிருக்கும். வெளியில தாங்கி நிண்ட தண்ணி திடீரெண்டு இறங்கினால் ஊறின மண் தன்ர பாரத்திலயே வழுக்கி உள்ளுக்கு விழும். அவசரப்பட்டுப் பழங்காலத்தைத் திறக்கிறவளுக்கு நீர் வேற தண்டனை தேட வேண்டாம்.

நாலாவது, துருசின்ர அடிவாசலுக்குக் கீழ எப்பவும் கொஞ்சம் தண்ணி நிக்கும். அது எந்தத் துவாரத்தாலயும் வராது. மீனுக்கும் கொக்குக்கும்தான். அதுக்கும் கீழ வண்டல்.

#4 அலைகரை · ஞாயிறு இரவு 10.31

ஐயா, மச்சான் இதை வாசிச்சுப்போட்டு பழைய படம் ஆறையும் கிழிச்சுப்போட்டான். நன்றியோ திட்டோ தெரியேல்லை.

#5 பாலைப்பழம் · திங்கள் காலை 6.10

மல்லாவிப் பக்கம் வயல் செய்யிற குடும்பம் எங்கட. உங்கட ரெண்டு பேற்ற கதையிலயும் ஒண்டு குறையுது. துருசை ஒராள் போய்த் திறக்கிறதோ? அப்பிடி எந்த ஊரில நடக்குது?

போகம் தொடங்க முதல் கூட்டம் வைப்பினம். குளத்தில எத்தனை அடி நிக்குது, எத்தனை ஏக்கர் செய்யலாம், கடைசி விதைப்புத் திகதி எது, தண்ணி எப்ப பூட்டுறது, எல்லாம் அங்கதான். காலபோகத்துக்குச் சண்டை குறைவு, வானம் தரும். சிறுபோகத்தில தான் மனுசற்ற முகம் தெரியும். பத்து ஏக்கர்க்காரனுக்கும் தண்ணி காணாமல் பங்கு பிரிச்சு அடுத்தவன்ர காணிக்குள்ள இறங்கிச் செய்யவேண்டி வரும். துருசடிக்காரன் முதல் பாய்ச்சிப்போட்டுப் படுப்பான். வாய்க்கால் கடைசிக் காணிக்காரன் ரோச் லைட்டோட விடிய விடியக் காவல் நிப்பான்.

உங்கட கன்னல்நாட்டில வாய்க்கால் கடைசியில இருக்கிறவைக்கு என்ன கிடைக்குது? கதை பாதியில வந்து நிண்டிடுமோ? கலியாணவீடு எண்டு திறந்து விட்டது அங்க போய்ச் சேரேக்க பந்தல் கழட்டுறது மட்டும் வருமோ? அதைக் கீறச் சொல்லுங்கோ உங்கட மச்சானை.

#6 அலைகரை · திங்கள் காலை 6.45

அக்கா, பந்தல் கழட்டுற படம். இப்பவே சொல்லிப்போட்டன்.

#7 கண்டிவீதி · திங்கள் மாலை 5.15

இது கற்பனைக் கருவி எண்டு கதைக்கிறியள். வன்னியில நேரத்தை மாத்தின கருவி ஒண்டு உண்மையாவே இருந்தது, அதுக்குப் பேர் சோதனைச்சாவடி.

சின்னாக்களுக்குத் தெரியாது. 1996 இல மின்சாரம் மிச்சம் பிடிக்கிறதுக்கு நாட்டின்ர மணிக்கூட்டை முன்னுக்குத் தள்ளிச்சினம். அப்ப புலிகளின்ர கட்டுப்பாட்டில இருந்த வன்னி அதை ஏற்கேல்லை, பழைய நேரமே ஓடினது. 2002 இல பாதை திறந்து வவுனியாவால வாறவை ஓமந்தைச் சாவடியில மணிக்கூட்டை அரை மணித்தியாலம் பின்னுக்குத் திருப்புவினம். அங்கால பத்து மணி, இங்கால ஒம்பதரை. யாழ்ப்பாணம் போறவை முகமாலைச் சாவடி தாண்டினதும் திரும்ப முன்னுக்குத் தள்ளுவினம். ஓமந்தையில கையில கிடைச்ச அரை மணித்தியாலத்தை முகமாலையில குடுத்துப்போட்டுப் போகவேணும்.

எங்கட அப்பா மட்டும் திருப்பவே மாட்டார். கையில பழைய நேரம், பொக்கற்றுக்குள்ள இன்னொரு மணிக்கூடு. அங்கால ஒரு கலியாணமெண்டால் அழைப்பிதழில இருக்கிறது எந்த நேரம் எண்டு கேட்டுத்தான் வெளிக்கிடுறது. சுபமுகூர்த்தத்துக்குச் சூரியன் ஒண்டுதான், மணி ரெண்டு.

உங்கட ஏழு குளத்துக்கும் ஏழு மணிக்கூடு வையுங்கோ. ஒரு குளத்தில இருந்து மற்றதுக்குப் போற ஆள் வழியில எதையாவது விட்டுப்போட்டுத்தான் போகவேணும்.

#8 ரொறன்ரோ மாமா · திங்கள் இரவு 9.30

கண்டிவீதி, அரை மணித்தியாலம் இல்லை, ஒரு மணித்தியாலம். எனக்கு வடிவா ஞாபகம். நான் அந்த வருசம் கொழும்பில நிண்டனான்.

#9 கண்டிவீதி · செவ்வாய் காலை 7.00

மாமா, ரெண்டு பேரும் சரி. 1996 மே மாதம் ஒரு மணித்தியாலம் தள்ளினவை. விடியக் காலமை பள்ளிக்கூடப் பிள்ளையள் இருட்டில போகுதுகள் எண்டு சனம் கத்த, ஒக்டோபரில அரை மணித்தியாலத்தைத் திருப்பிக் குடுத்தவை. மிச்ச அரை மணித்தியாலம் 2006 ஏப்ரலில சித்திரை வருசத்தோடதான் திரும்பினது. நீங்கள் ஒக்டோபருக்கு முதல் வெளிக்கிட்டிருப்பியள்.

#10 ரொறன்ரோ மாமா · செவ்வாய் காலை 7.20

ஓம், செப்டெம்பர். அப்ப என்ர அரை மணித்தியாலம் இன்னும் கொழும்பில நிக்குது.

#11 வெண்கட்டி · செவ்வாய் இரவு 8.05

நான் தமிழ் படிப்பித்து ஓய்வுபெற்றவன். தம்பி அலைகரை, உமது நாட்டுக்குக் கன்னல் என்று தெரிந்துதான் பெயர் வைத்தீரோ? கன்னல் என்றால் கரும்பு. நீர்க்கடிகார வட்டிலுக்கும் அதே பெயர். முல்லைப்பாட்டில் பாசறையில் இருக்கும் அரசனுக்குப் பொழுது அறிவிப்போர் ‘குறுநீர்க் கன்னல்’ பார்த்தே நாழிகை சொல்கிறார்கள். நீர் தற்செயலாக வைத்திருந்தால் அதுவும் நல்லதே.

துருசுக்காரருக்கு ஒரு செய்தி. பாத்திரத்தில் இருந்து நீர் ஒழுகவிட்டு நேரம் அளந்தால், நீங்கள் சொன்ன அதே காரணத்தால் கணக்குப் பிழைக்கும். நீர் குறையக் குறைய ஒழுக்கு மெதுவாகும், கடைசி நாழிகை நீண்டுவிடும். அடியில் துளையிட்ட வட்டிலை நீரின்மேல் மிதக்கவிட்டு அது நிரம்பி அமிழும் வரை அளந்தால் அந்தத் தொல்லை இல்லை. ஒரு முறை அமிழ்ந்தால் ஒரு நாழிகை, 24 நிமிடம். ஒரு நாளுக்கு 60 முறை.

ஆனால் நான் எழுத வந்தது வேறு. காலத்தை மாற்றும் கருவியை நீர் கல்லிலும் முதிரையிலும் தேடுகிறீர். அது நம் வினைச்சொல்லுக்குள் இருக்கிறது. இறந்தகாலம், நிகழ்காலம், எதிர்காலம் ஒன்றின் இடத்தில் ஒன்று வந்தால் வழு. ஆனால் நன்னூல் நான்கு காரணங்களுக்கு அதை அனுமதிக்கிறது: விரைவு, மிகவு, தெளிவு, இயல்பு.

விரைவு: சாப்பிட்டுக்கொண்டு இருப்பவனை வாசலில் நின்று கூப்பிட்டால் ‘இந்தா வந்திட்டன்’ என்பான். கை கழுவக்கூட இல்லை, வந்தும் ஆயிற்று.

மிகவு: இந்தக் காட்டுக்குள் போனால் உடுதுணி பறிகொடுத்தான் என்பது உரைகாரர் காட்டும் உதாரணம். இன்னும் யாரும் போகவில்லை. ஆனால் அங்கே அது அடிக்கடி நடப்பதால் நடந்து முடிந்ததாகவே பேச்சு.

தெளிவு: எறும்பு முட்டையைத் தூக்கிக்கொண்டு திண்ணையில் ஏறினால் ‘மழை பெய்தது’. வானத்தில் ஒரு துளியும் இல்லை. எறும்பு அறிந்துவிட்டது.

இயல்பு: இதுதான் எனக்குப் பிடித்தது. ‘யாம் பண்டு விளையாடுவது இக்கா’. பண்டு என்றால் முன்பு, கா என்றால் சோலை. முன்பு விளையாடியதைச் சொல்ல ‘விளையாடுவது’ என்கிறான். காரணம் எதுவும் கேட்காதே, பேச்சின் இயல்பு அப்படி என்று விட்டுவிடுகிறது இலக்கணம்.

ஏழு துவாரம் எதற்கு? நான்கு போதும்.

#12 முறிகண்டிக் கச்சான் · செவ்வாய் இரவு 8.20

சேர், பத்தாம் வகுப்பில இதை இப்பிடிச் சொல்லித் தந்திருந்தால் நான் கச்சான் விக்க வந்திருக்க மாட்டன்.

#13 அலைகரை · செவ்வாய் இரவு 11.50

நித்திரை வரேல்லை. ஏழைத் தூக்கி எறிஞ்சாச்சு. இனி நாலு.

மேலயிருந்து முதலாவது விரைவு. திறந்தால் வயலில நடக்க இருக்கிறது நடந்து முடிஞ்சதாகும். விதைச்ச அண்டே வெட்டியாச்சு. ஆனா இடையில இருந்த மூண்டு மாசத்தை ஆரும் வாழேல்லை, களை பிடுங்கேக்க பாடின பாட்டு ஒருத்தருக்கும் தெரியாது.

ரெண்டாவது மிகவு. ஒரு இடத்தில அடிக்கடி நடந்தது இனி அங்க போற எல்லாருக்கும் நடந்ததாகும். இதைத் திறக்க ஊரில பயம்.

மூண்டாவது தெளிவு. அடையாளம் கண்டவுடன முடிவு வந்திடும். எறும்புதான் காவல்.

நாலாவது, அடியில, இயல்பு. இது என்ன செய்யும் எண்டு எனக்கு இன்னும் பிடிபடேல்லை. நீர்மட்டம் ஐயா சொன்ன மாதிரி இதுதான் ஆகலும் வேகமா வரும்.

குளத்துத் தண்ணிக்குப் பொறுப்பா, கட்டில நிண்டு கணக்கு எழுதுற வட்டவிதானைதான் கதைசொல்லி. அவருக்கு மட்டும் எல்லாக் கதையும் தெரியும். கச்சான் கேட்டதுக்கு மறுமொழி: கட்டில கொட்டில் போடேலாது, ஏனெண்டால் ரெண்டு கதையும் தெரிஞ்ச ஆளோட வயலில ஒருத்தரும் கதைக்க மாட்டினம்.

#14 மத்தளம் · புதன் இரவு 7.40

முள்ளியவளையில கூத்துப் பாத்து வளந்தனான். வட்டவிதானை கதைசொல்லி எண்டது சரி, ஆனா அவர் கூத்தை நடத்துற அண்ணாவியார் மாதிரி இருக்கவேணும். கோவலன் கூத்து விடியும்வரை. ஆட்டக்காரன் ஒருத்தன் உடுத்து முடியேல்லை எண்டால் அண்ணாவியார் நிக்கிற ஆட்டத்தை இன்னும் ரெண்டு தரம் சுத்த விடுவார். கிழக்கு வெளுக்குது எண்டு கண்டால் நாலு பாட்டை விழுங்கிப்போட்டுக் கதையை இழுத்துக்கொண்டு போவார். பாத்துக்கொண்டு இருக்கிற சனத்துக்கு ஒண்டும் தெரியாது. கதை தெரிஞ்ச கிழவியள் மட்டும் வெத்திலையை மெண்டுகொண்டு ஒருத்தியை ஒருத்தி பாப்பினம்.

துருசைத் திறக்கிறதைவிட எவ்வளவு திறக்கிறது எண்டதிலதான் கை இருக்கு. முழுக்கத் திறக்கிற அத்தியாயம் ஒண்டே ஒண்டு போதும்.

#15 தட்டுவன்கொட்டி · வியாழன் அதிகாலை 1.15

புது ஆள். இவ்வளவு நாளும் வாசிச்சுக்கொண்டுதான் இருந்தனான்.

ஒரு கேள்வி. நாலாவது துவாரத்தைத் திறந்து 2009க்கு முதல் ஒரு நாளை ஒரு வயலுக்கு விடலாமோ? ஒரு நாள் போதும். சின்ன வயல் காணும்.

#16 நீர்மட்டம் 36 · வியாழன் காலை 5.30

பிள்ளை, உம்மட கேள்வியை ரெண்டு தரம் வாசிச்சன். துருசுக் கணக்கில விடலாம். அது அடிவாசலுக்குக் கீழ இல்லை. அதுதான் கரைச்சல்.

#17 பாலைப்பழம் · வியாழன் காலை 6.05

தட்டுவன்கொட்டி, நானும் கேட்டிருப்பன். இரவு கேட்டால் ஓம் எண்டுதான் சொல்லியிருப்பன்.

ஆனா ஐயா முதல் நாளே எழுதினதைப் பாருங்கோ. அடியில ஒரு அடி போனால் மேல நிக்கிறது முழுக்க ஒரு அடி இறங்கும். என்ர மகளுக்கு வயது பதினொண்டு. அவள் மேல் தண்ணியிலதான் நிக்கிறாள். அண்ணாவை ஒரு நாளைக்குக் கூப்பிட்டால் அவளின்ர ஒரு நாள் இறங்கும். எந்த நாள் எண்டு எனக்குத் தெரியாது. முதல் நடந்த நாளோ, பல்லு விழுந்த நாளோ.

அலைகரை, இதுக்கு விதி எழுதாதேங்கோ. திறக்கலாம் எண்டே விடுங்கோ. கூட்டம் வைக்கட்டும். ஆர் எழும்பி என்ன கதைக்கினம் எண்டு எழுதுங்கோ.

#18 தட்டுவன்கொட்டி · வியாழன் காலை 6.40

எனக்குப் பிள்ளையள் இல்லை அக்கா. ஆனா விளங்குது. கூட்டத்தில எனக்கும் ஒரு கதிரை போடச் சொல்லுங்கோ.

#19 அலைகரை · சனி இரவு 9.10

கூட்டம் எழுதினன். பதினாறு பக்கம் வந்திட்டுது, மச்சான் அழாக்குறை. முழுக்கப் போட ஏலாது, ஒரு துண்டு மட்டும்:

*நாலாவது கட்டையைத் தூக்கவேணும் எண்டவை ஒரு பக்கம் இருந்தவை. வேண்டாம் எண்டவை மற்றப் பக்கம். வட்டவிதானை கொப்பியை விரிச்சு வைச்சுக்கொண்டு ஒண்டும் எழுதாமல் இருந்தார். அப்பத்தான் கடைசிக் காணிக்காரி ஆச்சி எழும்பினா. அவவுக்கு ஒரு நாளும் முழுக்கதை போய்ச் சேர்ந்ததில்லை, எல்லாக் கலியாணமும் பந்தல் கழட்டுறதிலதான் தொடங்கும்.*

*‘நானும் தங்கச்சியும் விளையாடுறது இந்தக் குளத்தடியிலதான்’ எண்டா ஆச்சி. ‘உந்தக் கருங்கல்லுக்குப் பக்கத்தில கிட்டி அடிப்பம். அவள்தான் எப்பவும் வெல்லுவாள். இண்டைக்கும் நான் வரேக்க பாத்தன், கிட்டிப்புள் குழி தூரேல்லை.’*

*தங்கச்சி ஆர் எண்டு ஒருத்தருக்கும் தெரியாது. குழியும் அங்க இல்லை. ஆனா வயலுக்குள்ள நிண்டவை எல்லாரும் திரும்பிக் கருங்கல்லைப் பாத்தினம். துருசு பூட்டித்தான் கிடந்தது.*

#20 வெண்கட்டி · சனி இரவு 9.25

விளையாடுறது, அடிப்பம், வெல்லுவாள். மூன்றும் சரியான இடத்தில் இருக்கின்றன. ஆச்சி இலக்கணம் படித்தவ இல்லை.

#21 தட்டுவன்கொட்டி · சனி இரவு 9.48

நாங்கள் கிட்டி இல்லை, கிளித்தட்டு. மற்றதெல்லாம் சரி.

#22 நீர்மட்டம் 36 · சனி இரவு 10.15

தம்பி, துண்டு நல்லாயிருக்கு. ஆனா மச்சான் கீறின படத்தில நாலு அடைப்பும் உள்பக்கம் திறக்குது. தண்ணி தள்ளுற பக்கத்துக்கு எதிரா ஒருத்தராலும் முதிரைக் கட்டையை இழுக்கேலாது. மேல தூக்கிற மாதிரி மாத்தச் சொல்லும். திறப்பு ஆரிட்ட இருக்கு எண்டும் இன்னும் எழுதேல்லை.

#23 முறிகண்டிக் கச்சான் · சனி இரவு 10.17

திறப்பு என்னட்ட. கச்சான் சரையோட சேத்து மடிச்சு எங்கயோ வித்துப்போட்டன்.